கொடியின்றி நடந்த மூவர்

அரியாலையிலே பனி என்றாற் கருத்துக்கு முதலில் வருவது மார்கழி விடியலின் பனியேயாகும். வடலியோலையின் நுனியிலிருந்து சொட்டுவது அது. திருவெம்பாவைக் காலத்திலே கோயிலுக்குச் செல்வோர் தலையிலே துணியிட்டுத் தடுத்துக்கொள்வதும் அது. வெயில் ஏறியதும் சுவடின்றி மறைந்துவிடும். நிலத்தை மூடி, நீரை இறுக்கி, மாதக்கணக்காகக் கிடக்கும் வெண்பனியை அவ்வூரார் நெடுங்காலம் பாடப்புத்தகத்துப் படங்களிலேயே கண்டனர். பிள்ளைகள் ரொறன்ரோவுக்கும் ஒஸ்லோவுக்கும் சூரிச்சுக்கும் குடிபெயர்ந்த பின்னர் அந்த வெண்பனியும் குடும்பச் செய்தியாயிற்று. வாசற்பனியை வாரிக் குவித்துவிட்டு வேலைக்குப் புறப்படும் மகனைப் பற்றியும், பள்ளிக்கூடத்திலே பனிச்சறுக்குப் பழகும் பேரப்பிள்ளையைப் பற்றியும் இன்று அங்கே திண்ணைகளிற் பேச்சு நிகழ்கின்றது. ஆதலின் பனிநாட்டு விளையாட்டைப் பற்றிய ஒரு வரலாறு அவ்வூர்க்கு முற்றிலும் அயலானதன்று.

1924 ஆம் ஆண்டு பிரான்சு நாட்டின் சமோனி என்னும் ஊரிலே தொடங்கிய குளிர்கால ஒலிம்பிக் விழா, பனிநாடுகளின் குடும்ப விழாவாகவே நெடுங்காலம் இருந்தது. நோர்வே, சுவீடன், ஒஸ்திரியா, சுவிற்சர்லாந்து முதலிய நாடுகளின் பிள்ளைகள் நடை பழகிய சிறிது காலத்திலேயே பனிச்சறுக்கும் பழகுவர். வெப்பநாட்டார்க்கு அவ்விழாவில் என்ன அலுவல் என்று ஒருவர் கேட்பின் அக்கேள்வி இயல்பானதே. இலங்கை 2022 ஆம் ஆண்டின் பீஜிங் விழா முடிய ஒருமுறையேனும் அதிற் பங்குபற்றவில்லை. அயல்நாடாகிய இந்தியாவோ 1964 ஆம் ஆண்டிலேயே அவ்வரங்கிற் புகுந்தது. வடக்கே இமயம் நிற்றலின் அந்நாட்டுக்குப் பனி புதிதன்று. எனினும் பனி விளையாட்டுக்கு வேண்டிய களமும் கருவியும் பயிற்சியும் அங்கே அரியனவாகவே இருந்தன. 1964 இல் ஒஸ்திரியாவின் இன்ஸ்புறூக் நகரிலும், 1968 இல் பிரான்சின் கிறெனோபிள் நகரிலும் இந்தியாவின் பெயரால் நின்றவர் போலந்து வழிவந்த ஜெரமி புஜாகோவ்ஸ்கி என்னும் ஒருவரே. அந்த ஒருவரே இந்திய அணி.

இத்தகைய சிறிய அணிகள் பதக்கத்தை எண்ணிப் புறப்படுவதில்லை. அறுபதாம் இடமோ எண்பதாம் இடமோ கிடைக்கும் என்பதை அவ்வணியினர் புறப்படும்போதே அறிவர். ஆயினும் அவர்கள் ஆண்டுக்கணக்காக உழைக்கின்றனர், கடன்படுகின்றனர், உயிர்க்கு இடையூறு நேருமென்று தெரிந்தும் களத்தில் இறங்குகின்றனர். நாட்டின் பெயரை உலகினர் கேட்க ஒருமுறை ஒலிக்கச் செய்வதும், நாட்டின் கொடியை ஒருமுறை பனிவெளியிற் கொண்டு செல்வதுமே அவ்வுழைப்பின் பயன். அந்தப் பெயரையும் கொடியையுமே பறிகொடுத்துவிட்டு ஓர் அணி நிற்க நேரின் அதன் நிலை என்ன? 2014 ஆம் ஆண்டு பெப்ரவரியிலே இரஷ்ய நாட்டின் சோச்சி நகரில் இந்தியர் மூவர்க்கு அந்நிலை நேர்ந்தது. அவர்களின் கொடியைப் பறித்தவர் எதிரணியினரல்லர். சொந்த நாட்டிலே சங்க நாற்காலிகளுக்குப் போட்டியிட்டவர்களின் செயலே அதற்கு வழிசெய்தது.

அம்மூவருள் மூத்தவர் சிவ கேசவன். அவர் 1981 ஆம் ஆண்டு இமாச்சலப் பிரதேசத்தின் மணாலியிலே பிறந்தவர். தந்தை கேரளத்தவர், தாய் இத்தாலியர். இரண்டாமவர் நதீம் இக்பால். ஜம்மு காஷ்மீரத்தைச் சேர்ந்த இராணுவ வீரர். நெடுந்தூரப் பனிச்சறுக்கு அவருடைய துறை. மூன்றாமவர் இமாச்சலப் பிரதேசத்து இளைஞராகிய இமான்சு தாக்கூர். மலைச்சரிவிலே நாட்டப்பட்ட கம்பங்களினூடே நெளிந்து இறங்கும் பனிச்சறுக்கில் வல்லவர். இருவர்க்கும் அதுவே முதல் ஒலிம்பிக். கேசவனுக்கோ அது ஐந்தாவது.

கேசவன் தேர்ந்துகொண்ட விளையாட்டு லூஜ் எனப்படும் சறுக்கு வண்டி ஓட்டமாகும். எஃகு விளிம்பு பூட்டிய சிறு வண்டியொன்றில் வீரர் மல்லாந்து படுத்து, கால்களை முன்னே நீட்டியவாறு, பனிக்கட்டியாற் செய்த வளைவான ஓடை வழியே கீழ்நோக்கிப் பாய்வார். வண்டிக்குத் தடை இல்லை. திருப்பும் பிடியும் இல்லை. கெண்டைக்காலின் அழுத்தத்தாலும் தோளின் அசைவாலுமே அதனை நெறிப்படுத்தல் வேண்டும். வேகமோ மணிக்கு 130 கிலோமீற்றரையும் கடக்கும். ஒரு செக்கனை ஆயிரங்கூறிட்டு வெற்றி தோல்வியை அளப்பர். 2010 ஆம் ஆண்டு கனடாவின் வன்கூவர் விழா தொடங்கிய அன்றே, ஜோர்ஜிய நாட்டு வீரர் நோடார் குமரிதாஷ்விலி பயிற்சி ஓட்டத்தில் ஓடையினின்றும் தூக்கி எறியப்பட்டு உயிர் துறந்தார். அதே ஓடையிற்றான் கேசவனும் போட்டியிட்டு 29 ஆம் இடம் பெற்றார்.

இந்தியாவில் அத்தகைய பனிக்கட்டி ஓடை ஒன்றேனும் இல்லாதிருந்தது. அதனாற் கேசவன் வண்டியின் அடியிலே சில்லுகளைப் பூட்டி, இமயமலை வீதிகளிலே லொறிகளுக்கும் ஆட்டு மந்தைகளுக்கும் இடையிற் பயிற்சி செய்தார். 1998 ஆம் ஆண்டு யப்பானின் நகானோ விழாவுக்கு அவர் சென்றபோது வயது 16. இந்தியாவின் அணி முழுவதும் அவர் ஒருவரே. 2002 இலும் அவ்வாறே தனித்து நின்றார். இத்தாலிய அணியிற் சேரும் வாய்ப்பு வந்தும் அதனை அவர் ஏற்கவில்லை. களம், பயிற்றுநர், பணம் ஆகிய அனைத்தும் அங்கே ஆயத்தமாயிருந்தும், தாம் பிறந்த நாட்டின் பெயரையே விரும்பினார். 2010 ஆம் ஆண்டு அவர்க்குப் புதிய வண்டி வாங்குதற்கு உச்ச நீதிமன்ற வழக்கறிஞர் சிலர் பணம் திரட்டிக் கொடுத்தனர். 2011 இலும் 2012 இலும் ஆசிய வாகைப் போட்டிகளில் அவர் முதலிடம் பெற்றார். இவ்வாறு பதினாறு ஆண்டுகள் கொடியைச் சுமந்து வந்த ஒருவரிடமிருந்துதான் சோச்சியிலே அக்கொடி விலக்கப்பட்டது.

அது விலக்கப்பட்ட வரலாறு டில்லியிலே தொடங்கியது. 1927 ஆம் ஆண்டிலே நிறுவப்பட்ட இந்திய ஒலிம்பிக் சங்கம் 2012 ஆம் ஆண்டின் இறுதியில் நிர்வாகிகளைத் தெரிவு செய்ய முற்பட்டது. அரசாங்கத்தின் விளையாட்டுத்துறைச் சட்டக்கோவைக்கு அமையத் தேர்தல் நடைபெறல் வேண்டுமென ஒருபுறம் வற்புறுத்தப்பட்டது. அரசு தலையிடாத தேர்தலே ஒலிம்பிக் சாசனத்துக்கு ஏற்றதெனச் சர்வதேச ஒலிம்பிக் குழு மறுபுறம் கூறியது. இழுபறி தீரவில்லை. 2012 டிசம்பர் 4 ஆம் நாள் சர்வதேசக் குழு இந்தியச் சங்கத்தை இடைநிறுத்தியது. சங்கத்தாரோ அடுத்த நாளே தேர்தலை நடத்தினர். 2010 ஆம் ஆண்டின் டில்லிப் பொதுநலவாய விளையாட்டு விழாத் தொடர்பான ஊழல் வழக்கிற் குற்றஞ்சாட்டப்பட்ட ஒருவரும் அத்தேர்தலில் உயர்பதவி பெற்றார். அதன் பின்னர்ப் பிணக்கு மேலும் இறுகியது. குற்றஞ்சாட்டப்பட்டவர் பதவிக்கு நிற்றலாகாது என்னும் விதியைச் சேர்த்தாலன்றி இந்தியாவை மீளச் சேர்ப்பதில்லை எனச் சர்வதேசக் குழு உறுதியாக நின்றது.

இப்பிணக்கில் எப்பக்கத்தார் கூற்றும் முற்றாகத் தள்ளத்தக்கதன்று. சங்கப் பதவிகளை ஒருசிலரே நெடுங்காலம் பற்றிக்கொண்டிருத்தலைத் தடுப்பது அரசாங்க விதிகளின் நோக்கம். விளையாட்டு அரசியலாரின் கைப்பொருளாகாமற் காப்பது சர்வதேசக் குழுவின் நோக்கம். ஆயினும் உரலுக்கு ஒருபக்கம் இடி, மத்தளத்துக்கு இருபக்கமும் இடி என்பது போல, இரு நோக்கங்களும் மோதியபோது அடிபட்டவர் களத்திலே நின்றவரே. விதியைத் திருத்தச் சங்கம் இசைந்த நாள் 2013 டிசம்பர் 8. இடைநிறுத்தப்பட்டு ஓராண்டு கழிந்துவிட்டது. சோச்சி விழாவுக்கோ இரண்டு மாதமே எஞ்சியிருந்தது. புதிய தேர்தலுக்குக் குறித்த நாள் 2014 பெப்ரவரி 9. விழாவின் தொடக்க நாளோ பெப்ரவரி 7.

நாட்டின் கொடியின்றி ஒலிம்பிக் கொடியின் கீழ் வீரர் நிற்பது அதற்கு முன்னரும் நிகழ்ந்ததுண்டு. 1992 ஆம் ஆண்டு பார்சிலோனாவிலே யூகோசிலாவிய வீரர் அவ்வாறு நின்றனர். போரின் பொருட்டு ஐக்கிய நாடுகள் சபை விதித்த தடையே அதற்குக் காரணம். 2000 ஆம் ஆண்டு சிட்னியிலே கிழக்குத் தீமோர் வீரர் நால்வர் அவ்வாறு நடந்தனர். அவர்களின் நாடு அப்போது முழு விடுதலை பெற்றிருக்கவில்லை. 2012 ஆம் ஆண்டு இலண்டனிலே தென்சூடானைச் சேர்ந்த ஒருவர் நெடுந்தூர ஓட்டத்தில் அவ்வாறு ஓடினார். புதிதாய்ப் பிறந்த அந்நாட்டுக்கு ஒலிம்பிக் சங்கம் அமைந்திருக்கவில்லை. இவர்கள் கொடியிழந்தமைக்குப் போரும் நாட்டின் பிறப்புமே காரணங்களாயின. இந்தியாவுக்கோ போருமில்லை, அரசும் குலையவில்லை. நூறு கோடிக்கு மேற்பட்ட மக்களைக் கொண்ட நாடொன்று ஒரு சங்கத்தின் தேர்தலை உரிய காலத்தில் ஒழுங்காக நடத்தாமையாற் கொடியிழந்தது.

பெப்ரவரி 7 ஆம் நாள் மாலை சோச்சி அரங்கிலே நாடுகள் ஒவ்வொன்றாக அணிவகுத்து வந்தன. கேசவனும் நதீம் இக்பாலும் இமான்சு தாக்கூரும் சுயேச்சைப் பங்குபற்றுநர் என்னும் பெயரால் நடந்தனர். அவர்களுக்கு முன்னே சென்றது ஐந்து வளையம் பொறித்த வெண்கொடி. அதனை ஏந்தியவரும் அவர்களுள் ஒருவரல்லர், விழாவிற் பணியாற்றிய தொண்டர் ஒருவர். பதக்கம் வென்றிருப்பினும் இந்தியாவின் நாட்டுப்பண் அங்கே ஒலித்திராது. ஒலிம்பிக் பண்ணே ஒலித்திருக்கும். இந்நிலை வெட்கத்துக்குரியது எனக் கேசவன் விழாவுக்கு முன்னரே வெளிப்படையாகக் கூறியிருந்தார். எனினும் அவர் போட்டியைப் புறக்கணிக்கவில்லை. பயிற்சி ஓட்டமொன்றில் அவர் வண்டியினின்றும் விழுந்தார். பனிக்கட்டி மீது வழுக்கிக்கொண்டிருக்கும்போதே வண்டியைப் பற்றி, மீண்டும் அதில் ஏறி, ஓட்டத்தை முடித்தார். அக்காட்சியை உலகெங்கும் மக்கள் கண்டு வியந்தனர்.

லூஜ் போட்டியின் நான்கு ஓட்டங்களும் பெப்ரவரி 8, 9 ஆகிய இரு நாட்களில் நடைபெற்றன. போட்டியிட்ட 39 பேருள் கேசவன் 37 ஆம் இடத்தைப் பெற்றார். அவர் இறுதி ஓட்டத்தை ஓடிய அதே பெப்ரவரி 9 ஆம் நாளில், டில்லியிலே இந்திய ஒலிம்பிக் சங்கத்தின் தேர்தல் நடந்தது. உலகச் சுவர்ப்பந்துச் சம்மேளனத்தின் தலைவராக அப்போதிருந்த சென்னையைச் சேர்ந்த என். இராமச்சந்திரன் தலைவராகத் தெரிவானார். சர்வதேசக் குழுவின் பார்வையாளர் தேர்தலைக் கண்டு திருப்தியுற்றனர். பெப்ரவரி 11 ஆம் நாள் இடைநிறுத்தம் நீக்கப்பட்டது. ஒரு நாட்டின் சங்கத்துக்கு விதித்த தடையை ஒலிம்பிக் விழா நடந்துகொண்டிருக்கும்போதே நீக்கியது அதுவே முதன்முறை. பதினான்கு மாதங்களாக அவிழாத முடிச்சு, மனம் வைத்தபோது இரண்டே நாளில் அவிழ்ந்தது. ஆனால் அவ்விரண்டு நாட்களுக்கு முன்னர்க் கேசவனின் போட்டி முடிந்துவிட்டது. முடிவுப் பட்டியலிலே அவர் பெயர்க்கு நேரே எழுதப்பட்ட சொல் இந்தியா அன்று.

மற்றை இருவரும் நாட்டின் பெயரோடு களமிறங்கும் பேறு பெற்றனர். பெப்ரவரி 14 ஆம் நாள் நடந்த 15 கிலோமீற்றர் பனிச்சறுக்கில் நதீம் இக்பால் 85 ஆம் இடத்தில் வந்தார். அவருக்குப் பின்னால் வந்தவர் நேபாளத்தின் ஒற்றை வீரராகிய தச்சிரி செர்ப்பா. கடைசியாக வந்தவர் பெரு நாட்டின் றொபேர்ட்டோ கார்செலென். விலா எலும்பு முறிந்த உடலோடு, வென்றவரினும் 28 நிமிடம் வரையிற் கூடுதலாக எடுத்து, தன் நாட்டுக் கொடியைக் கையிலேந்தியவாறு அவர் எல்லைக்கோட்டைக் கடந்தார். அங்கே செர்ப்பா அவரைத் தழுவிக்கொள்ளக் காத்திருந்தார். தங்கப் பதக்கம் வென்ற சுவிற்சர்லாந்து வீரர் டாரியோ கொலோக்னாவும் அவருக்குக் கைகொடுக்கவென்று காத்து நின்றார். முதல்வனும் கடையனும் கைகோத்த அக்காட்சியிலே, சிறிய அணிகள் எதற்காக வருகின்றன என்னும் கேள்விக்கு விடை கிடைத்தது எனலாம்.

பெப்ரவரி 16 ஆம் நாள் சோச்சியின் ஒலிம்பிக் குடியிருப்பிலே இந்தியாவின் மூவர்ணக் கொடி ஏற்றப்பட்டது. பெப்ரவரி 19 ஆம் நாள் இமான்சு தாக்கூர் மலைச்சரிவுப் போட்டியில் 72 ஆம் இடம் பெற்றார். பெப்ரவரி 23 ஆம் நாளின் நிறைவு விழாவில் இந்தியக் கொடி பிற நாட்டுக் கொடிகளோடு சேர்ந்து சென்றது. புறத்தே நோக்குவோர்க்கு அனைத்தும் நேராயின போலத் தோன்றும். ஆயின் கொடியின்றி ஓடிய நான்கு ஓட்டங்களையும் கேசவனுக்கு மீட்டுத் தர எவராலும் இயலாது. தேர்தல் ஒரு வாரம் முந்தியிருப்பின் அவர் தம் நாட்டின் பெயரோடு அவற்றை ஓடியிருப்பார். அந்த ஒரு வாரத்தைப் பற்றிச் சங்கத்தார் எண்ணாமைக்குக் காரணம் ஒன்றே. 37 ஆம் இடம் பெறப்போகும் ஒருவரின் பொருட்டு அவசரப்பட வேண்டுவதில்லை என்று கருதிவிடுதல் எளிது. பெரிய அணியாயின் நாடே ஆரவாரித்திருக்கும். மூவர் அணிக்காகக் குரல் எழுப்பியவர் சிலரே.

பதக்கம் பெறுவோர்க்கும் இத்துன்பம் நேராமற் போவதில்லை. 2016 ஆம் ஆண்டு இரியோ விழாவிலே குவைத்து நாட்டுக் குறிசுடும் வீரர் பெகைத் அல்-தீகானி தங்கப் பதக்கம் வென்றார். அவர் நாட்டின் சங்கமும் அப்போது இடைநிறுத்தப்பட்டிருந்தமையால், அவர் மேடையில் நின்றபோது உயர்ந்தது ஒலிம்பிக் கொடி. ஒலித்தது ஒலிம்பிக் பண். வெற்றியின் உச்சியிலும் அவர்க்குச் சொந்தப் பெயர் இல்லாதிருந்தது.

இது பிறநாட்டார் கதை என்று இலங்கையர் கேட்டுவிட்டுப் போதற்கில்லை. 2023 ஆம் ஆண்டு சனவரியிலே உலக உதைபந்தாட்டச் சம்மேளனம் இலங்கைச் சம்மேளனத்தை இடைநிறுத்தியது. ஓகஸ்ட் மாதத்திலேதான் அத்தடை நீங்கியது. அதுவரை இலங்கை அணி பன்னாட்டுப் போட்டி ஆடுதற்கில்லாதிருந்தது. அவ்வாண்டு நவம்பரிலே சர்வதேசத் துடுப்பாட்டச் சபையும் இலங்கையை இடைநிறுத்தியது. அதன் விளைவாக, 2024 ஆம் ஆண்டின் தொடக்கத்தில் இலங்கையிலே நடைபெறவிருந்த 19 வயதுக்குட்பட்டோர் உலகக் கிண்ணப் போட்டி தென்னாபிரிக்காவுக்கு மாற்றப்பட்டது. சொந்த ஊரார் முன்னிலையில் ஆடும் வாய்ப்பை இழந்தவர் பத்தொன்பது வயதும் நிரம்பாத பிள்ளைகள். பிணக்குகளின் விவரம் வெவ்வேறாயினும் முடிவு ஒன்றே. மேசையைச் சுற்றி இருந்தவர்கள் பொருதார்கள். மைதானத்தில் நின்றவர்கள் இழந்தார்கள்.

சிறிய நாட்டுக்குத் தன் பெயர் ஒருமுறை உலக அரங்கில் ஒலித்தல் எத்துணை அருமையானது என்பதை யாழ்ப்பாணத்தார் நன்கறிவர். யாழ்ப்பாணம் மத்திய கல்லூரியின் பழைய மாணவராகிய நாகலிங்கம் எதிர்வீரசிங்கம் 1952 இல் ஹெல்சிங்கியிலும் 1956 இல் மெல்பேர்ணிலும் ஒலிம்பிக் அரங்கிலே உயரம் பாய்ந்தார். 1958 ஆம் ஆண்டு தோக்கியோவில் நடந்த ஆசிய விளையாட்டு விழாவிலே தங்கப் பதக்கம் பெற்றார். அந்தப் பெயரைக் குடாநாட்டுப் பாடசாலைகள் தலைமுறை தலைமுறையாகச் சொல்லி வந்துள்ளன. அன்று அவர் நாட்டின் சங்கம் இடைநிறுத்தப்பட்டிருந்தால் அவர் பாய்ந்த உயரத்தில் ஓர் அங்குலமும் குறைந்திராது. ஆயினும் அச்செய்தியை ஊரார் கொண்டாடியிருக்கும் விதம் வேறாகவே இருந்திருக்கும்.

2018 ஆம் ஆண்டு தென்கொரியாவின் பியொங்சாங் விழாவிலே கேசவன் ஆறாவது முறையாகக் களமிறங்கினார். தொடக்க நாளிலே இந்தியாவின் கொடியை ஏந்தி முன்னே நடந்தவர் அவரே, வயது 36. போட்டியில் 34 ஆம் இடம் பெற்று, அத்தோடு ஓய்வும் பெற்றார். நான்கு ஆண்டுகளுக்கு முன்னர் வேறொருவர் ஏந்திய வெண்கொடியின் பின்னே நடந்தவரின் கையிலே அன்று சொந்தக் கொடி இருந்தது.

அரியாலை போன்ற ஊர்களின் மைதானங்களில் மாலைதோறும் பிள்ளைகள் பந்தை உதைக்கின்றனர். ஆண்டுக்கொருமுறை கழகத்தின் பொதுக்கூட்டம் கூடுகின்றது, கணக்கு வாசிக்கப்படுகின்றது, செயலாளரும் பொருளாளரும் தெரிவாகின்றனர். கூட்டத்துக்கு வருவோர் சிலர். வராது வீட்டிலிருப்போர் பலர். சோச்சியிலே மூவர் கொடியின்றி நடந்தமைக்குக் காரணமான பிழையும் இத்தகைய ஒரு கூட்டத்திலேதான் தொடங்கியது. ஆதலின் விளையாட்டை நேசிக்கும் ஊரார் ஆட்டத்தைப் பார்க்கச் செல்லும் ஆர்வத்தோடே அக்கூட்டத்துக்கும் செல்லுதல் வேண்டும். அங்கே வாசிக்கப்படும் கணக்கைச் செவிகொடுத்துக் கேட்டல், மைதானத்தில் நிற்கும் பிள்ளைக்கு அவர்கள் செய்யும் முதல் உதவியாகும்.